மூலன் மனைவியின் துயர்

திருவாவடுதுறை ஆதீனத்துக்குரிய ஆவுடையார்கோயிலில், உருவத்திருமேனியின்றி ஆன்மநாதர் எழுந்தருளிய அத்தலத்தில், யாம் திருமூலதேவ நாயனார் புராணம் விரித்துரைத்த ஒருநாள், மூதாட்டியார் ஒருவர் எழுந்து, “ஐயா, அந்தப் பெண் பிறகு என்ன ஆனாள்?” என்று வினவினார். முப்பது ஆண்டுகளாக அப்பெண்ணை ஒரே வாக்கியத்திற் கடந்துவந்த எமக்கு நா எழவில்லை.

கூடுவிட்டுக் கூடு பாய்ந்த சித்தியையே கேட்போர் வியக்கின்றனர். பிணம் எழுந்து நடந்தது என்றவிடத்து அருவருப்புக் கொள்வாரும் உளர். சேக்கிழார் பெருமானோ வேறோரிடத்தில் நம்மை நிறுத்துகின்றார்.

சாத்தனூரில் ஆநிரை மேய்த்த மூலன் இறந்துபட, பசுக்கள் அவனுடலைச் சுற்றிக் கதறின, மோந்தன. கயிலையினின்றும் போந்த யோகியார் அது பொறாராய், தம் உடம்பை ஓரிடத்துச் சேமித்து, மூலன் உடம்பிற் புகுந்து எழுந்தார். பசுக்கள் களித்தன, அவற்றுக்கு உடம்பே போதுமாயிற்று. பொழுதுசாயத் தேடிவந்த மனைவிக்கு அது போதவில்லை. முகமும் தோளும் அவையே. ஆயினும் இவர்க்கு யாதோ நேர்ந்ததென அஞ்சித் தீண்டப் புகுந்தாள். அவர் விலக்கி, தொடர்பில்லை என்றுரைத்துப் பொதுமடம் புக்கார். மக்களும் சுற்றமும் இல்லாதவள் அவள் என்பதனையும் சேக்கிழார் விடாது கூறுகின்றார்.

மறுநாள் ஊர்ச்சான்றோர் ஆராய்ந்து, பித்தன்று, பிறிதொன்றன் சார்புமன்று, சிவயோகநிலையே எனத் தெளிந்தனர். நன்று, மூலன் எங்கே என்பதற்கு அது விடையாமோ? அவள் துயருற்று மயங்க, அருகிருந்தார் கொண்டுசென்றனர். புராணத்தில் அவளைப்பற்றிய செய்தி அவ்வளவே.

உடம்பு சட்டை போல்வது, சட்டைக்கு அழுவதென்னை என்பாரும் உளர். சட்டை எதிரே நின்றதன்றோ! உள்ளிருந்தவனைக் காணாமலே அவள் அழுதாள். உடம்பின் வேறாய் உயிர் உண்டென்பதைச் சிவஞானபோதம் மூன்றாஞ்சூத்திரம் காரணங்காட்டி நிறுவும். ஆயர்குலத்து அம்மாது அதனை ஒரு மாலைப்பொழுதில் உணர்ந்து நடுங்கினாள். இவளை அறியாமையுடையாள் எனச் சொற்பொழிவாளர் சிலர் நகையாடுதல் பொருந்தாது.

யோகியார்க்கும் இழப்பில்லாமலில்லை. சேமித்த உடம்பை மீண்டுவந்து தேடினார், காணவில்லை. ஆகமப்பொருளைத் தமிழால் வகுக்கவேண்டி இறைவன் அதனை மறைத்தருளினான் என்று தெளிந்து, திருவாவடுதுறையில் அரசின்கீழ் யோகத்தமர்ந்து திருமந்திரம் 3000 அருளினார். உயிர் சார்ந்ததன் வண்ணமாம் என்பர் நம்மவர்; மலப்பிணிப்பு நீங்கினமையின் ஆயனுடம்பு அவரை ஆயனாக்கவில்லை. பெயர்மட்டும் ஒட்டிக்கொண்டது. இன்று நாம் கைகூப்பி, திருமூலர் என்றழைப்பது அவள் கணவன் பெயரையே.