மூன்று குரல்களும் ஒரு குரலும்

1973இல் வெளிவந்த 'அபிமான்' படத்தின் ஏழு பாடல்களில் தள்ளிவிட ஒன்றுகூட இல்லை. மேடைப் பாடகன் சுபீர், மனைவி உமா தன்னைவிடப் பெரிய பாடகியாகிவிடுவதைப் பொறுக்கமாட்டாமல் குடும்பத்தைக் குலைத்துக்கொள்கிறான். ஹிருஷிகேஷ் முகர்ஜி இயக்கத்தில் அமிதாப் பச்சனும் ஜயா பாதுரியும் நடித்தார்கள். பாடல்களை எழுதியவர் மஜ்ரூஹ் சுல்தான்புரி, இசை எஸ்.டி. பர்மன்.

ஒன்றைக் கவனித்திருக்கிறீர்களா? சுபீருக்குக் கிஷோர் குமார், முகமது ரஃபி, மன்ஹர் உதாஸ் என மூன்று பேர் பாடுகிறார்கள். உமாவுக்கோ, அனுராதா பௌட்வால் பாடிய ஒரு சுலோகம் நீங்கலாக, எல்லாமே லதா மங்கேஷ்கர். ஆணின் குரல் ஆளுக்கு ஆள் மாறிக்கொண்டிருக்க, பெண்ணின் குரல் கிராமத்திலிருந்து மேடைவரை நிலைகுலையாமல் வருகிறது. யார் கை ஓங்கப்போகிறது என்பது கதைக்கு முன்பே காதுக்குத் தெரிந்துவிடுகிறது.

'தேரி பிந்தியா ரே' பாட்டில் பல்லவியின் சொற்கள் முடிந்ததும் ரஃபி ஒரு சின்னப் பெருமூச்சு விடுவார். கிறக்கமும் குறும்பும் சரிபாதி. அந்த மூச்சையும் மெட்டுக்குள்ளேயே வைத்திருக்கிறார் பர்மன். 'பியா பினா'வில் லதா அந்த இரண்டு சொற்களை மூன்று முறை அடுக்கிய பிறகுதான் அடுத்த சொல்லுக்கே நகர்கிறார். புல்லாங்குழல் ஊமையாகிப்போனதாகச் சொல்லும் அந்தப் பாட்டில் அழுகை கிடையாது. சுருதி சுத்தமாக நிற்பதே வலியைக் கூட்டுகிறது. லதாவின் ஆகச் சிறந்த பத்துப் பாடல்களில் இதற்கு இடம் கொடுப்பேன்.

முதல் பாட்டான 'மீத் நா மிலா'வில் கிஷோர் கூட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு விளையாடுகிறார். அதே கிஷோர் கடைசிப் பாட்டான 'தேரே மேரே மிலன் கீ'யைத் தொடங்கும்போது அந்த மிதப்பு அடியோடு போய்விடுகிறது. தாகூரின் வங்கப் பாட்டொன்றை அடியொற்றிய மெட்டு அது. குழந்தையை இழந்து உறைந்துபோயிருக்கும் உமா, அதைக் கேட்டுத்தான் உடைந்து அழுது பாடச் சேர்ந்துகொள்கிறாள். மெட்டில் துளி அலங்காரம் கூடியிருந்தாலும் அந்தக் காட்சி பொய்யாகியிருக்கும்.

பர்மனுக்கு 'டாக்ஸி டிரைவர்' படத்துக்குப் பிறகு கிடைத்த ஃபிலிம்ஃபேர் விருது இந்தப் படத்துக்குத்தான். 'கைடு'க்கும் 'ஆராதனா'வுக்கும் தராமல் விட்ட கடனைத் தீர்த்தார்களோ என்று தோன்றலாம். இல்லை, இந்த விருது முழுக்க இந்தப் பாடல்கள் சம்பாதித்தது. மன்ஹரும் லதாவும் பாடிய 'லூட்டே கோயி மன் கா நகர்' மட்டும் மற்ற ஆறின் புகழில் சற்று மறைந்துவிட்டது. முதலில் அதைத் தேடிக் கேளுங்கள்.