கவசத்தில் ஒரு துளை

மார்க் ட்வைன் 1889இல் வெளியிட்ட 'ஆர்தர் மன்னரின் அவையில் ஒரு கனெக்டிகட் யாங்கி' நாவலை எடுத்தால், கதை எங்கே ஆரம்பிக்கிறது என்று பக்கங்களைத் தள்ளிக்கொண்டு போகாதீர்கள். முகப்பிலேயே ஒரு துளை இருக்கிறது.

இங்கிலாந்தின் வாரிக் கோட்டை. ஆர்தர் காலத்துச் சங்கிலிக் கவசம் ஒன்றைச் சுற்றுலாக் கூட்டம் பார்த்துக்கொண்டிருக்கிறது. அதன் இடது மார்பில் வட்டமாக ஒரு ஓட்டை. பிற்காலச் சிப்பாய் எவனாவது விஷமத்துக்குச் சுட்டிருப்பான் என்கிறார் சுற்றிக்காட்டுபவர். பக்கத்தில் நிற்கும் ஒரு ஆள் தனக்குள் முனகிக்கொள்கிறான். சுட்டதே அவன்தானாம்.

அவன் ஹாங்க் மார்கன், கொல்லனின் மகன். ஹார்ட்ஃபோர்டு நகரத்து ஆயுதத் தொழிற்சாலையில் துப்பாக்கி, பீரங்கி, பாய்லர், எஞ்சின் என எல்லாவற்றையும் செய்யக் கற்று, இரண்டாயிரம் பேரைக் கட்டி மேய்க்கும் மேற்பார்வையாளன் ஆனவன். ஒரு கைகலப்பில் தலையில் கடப்பாரை அடி விழுகிறது. கண் விழித்தால் கி.பி. 528, ஆர்தரின் காம்லாட். காலம் தாண்டியதற்கு ட்வைன் தரும் விளக்கம் அந்தக் கடப்பாரை மட்டும்தான். அதற்கு மேல் கேட்கக் கூடாது.

கிரகணத்தைத் தானே வரவழைப்பதாக மிரட்டி அவன் உயிர் பிழைக்கும் காட்சிதான் எல்லோருக்கும் தெரிந்தது. ஜயத்ரதனைக் கொல்ல கண்ணன் சூரியனை மறைத்த கதை கேட்டு வளர்ந்த நமக்கு அது அவ்வளவு புதிதில்லை. நான் மறுபடி மறுபடி படிப்பது கிணற்று அத்தியாயங்களைத்தான்.

துறவிகள் மடத்தில் புனித ஊற்று வற்றிப்போகிறது. ஏதோ பாவம் நடந்துவிட்டது என்று மடமே அழுகிறது. ஆர்தர் அவையின் மந்திரவாதி மெர்லின் வந்து புகை போட்டு, கையை வீசி, மந்திரம் சொல்கிறான். ஹாங்க் வாளியில் உட்கார்ந்து கிணற்றுக்குள் இறங்குகிறான். சுவரில் விரிசல், தண்ணீர் கசிந்து போய்விடுகிறது. அவ்வளவுதான் பாவம்! தன் ஆட்களை வரவழைத்து விரிசலை அடைக்கிறான். தண்ணீர் தானாக ஏறுகிறது. சாதாரண மெக்கானிக் என்றால் இங்கே கூலியை வாங்கிக்கொண்டு கிளம்பியிருப்பான். இவன் பம்பு வைத்து, குழாயைச் சுவர் வழியாக வெளியே கொண்டுபோய், வாணங்களையும் வண்ண மத்தாப்புகளையும் அடுக்கி, ஜனம் கூடும்வரை காத்திருந்து, வாயில் நுழையாத நீளநீளமான ஜெர்மன் சொற்களை மந்திரம்போல முழங்கி, அதற்கப்புறம்தான் தண்ணீரை விடுகிறான். விரிசலை அடைத்தது பொறியியல். மற்றதெல்லாம், நம் சினிமாக்காரர்கள் சொல்வார்களே, 'எஃபெக்ட்'. மந்திரவாதியைக் கேலி செய்பவன் மந்திரவாதியாகவே ஆகிக்கொண்டிருக்கிறான், அது அவனுக்கே தெரியவில்லை. நாவல் முழுக்க இந்த இடத்தில் ஒரு கண் வைத்துப் படியுங்கள்.

வீரர்கள் சைக்கிளில் வந்து இறங்குவது, கவசத்துக்குள் ஈ புகுந்துகொள்வது போன்றவற்றுக்கு வழிகாட்டி தேவையில்லை, சிரிப்பு தானே வரும். நடுவில் சில அத்தியாயங்கள் இழுவை. தாராளமாகத் தாண்டலாம். ஆனால் 'ஹலோ சென்ட்ரல்' என்ற பெயரைத் தாண்டிவிடாதீர்கள். அது ஹாங்கின் மகள் பெயர். தன் காலத்தில் டெலிபோன் எக்ஸ்சேஞ்சைக் கூப்பிட்ட பழக்கத்தில் அவன் தூக்கத்தில் அப்படி உளறுவான். மனைவி சாண்டி அதை அவன் இழந்த காதலியின் பெயர் என்று நினைத்து, அவன் மனம் குளிரட்டும் என்று குழந்தைக்கு வைத்துவிடுகிறாள். சிரித்துவிட்டுச் சற்று நிறுத்துங்கள். பிற்பாடு அந்தப் பெயர் வரும்போது சிரிப்பு வராது.

ட்வைனுக்கும் இந்த இயந்திர மோகம் இருந்தது. ஜேம்ஸ் பேஜ் என்பவரின் அச்சுக்கோக்கும் இயந்திரத்தில் பணத்தைக் கொட்டினார். 1894இல் திவாலானார். அதைத் தெரிந்துகொண்டு படித்தால் கடைசி அத்தியாயங்கள் கனக்கும். வீரர்களோடு ஹாங்க் நடத்தும் கடைசிப் போர் அது. அவன் பக்கம் 52 பையன்கள், 13 கேட்லிங் துப்பாக்கிகள், மின்சார வேலி. 25,000 வீரர்கள் செத்துக் கிடக்கிறார்கள். பிண நாற்றம் ஜெயித்தவர்களையே நோயில் தள்ளுகிறது.

முடிவைச் சொல்லிவிடுகிறேன், புத்தகம் வந்து 130 வருஷத்துக்கு மேலாகிறது. புத்தகம் முழுக்கத் தோற்ற மெர்லின், கிழவி வேஷத்தில் வந்து ஹாங்கை 1,300 ஆண்டு தூங்கவைக்கிறான். அவன் செய்ததிலேயே பலித்த மந்திரம் இது ஒன்றுதான். சிரித்தபடியே மின்வேலியில் பட்டுச் சாகிறான். இதை எழுதுவது ஹாங்க் அல்ல, அவனுடைய சீடன் கிளாரன்ஸ். ஹாங்கின் கையிலிருந்து பேனா போய்விட்டது.

மந்திரம் அவனைச் சொந்தக் காலத்துக்கே அனுப்பிவிட்டது. ஆனால் வாரிக் ஊர் விடுதியில் விடியற்காலையில் படுத்துக்கிடப்பவன் அங்கே இல்லை. சாண்டியைக் கூப்பிடுகிறான், குழந்தை எங்கே என்கிறான். திரும்பி வந்த நூற்றாண்டைத்தான் கெட்ட கனவு என்று நினைக்கிறான். விரல்கள் போர்வையைப் பிராண்டுகின்றன. எங்கோ ஊதுகொம்பு கேட்கிறதாம், அரசர் வருகிறாராம், கோட்டை மதிலுக்கு ஆட்களை ஏற்றச் சொல்கிறான். இன்னொரு எஃபெக்டுக்கு ஏற்பாடு. உத்தரவு பாதியில் நிற்கிறது.