பட்வர்தனின் படத்தொகுப்பு

ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனைக் கொண்டாடுபவர்களும் திட்டுபவர்களும் ஒன்றில் மட்டும் ஒத்துப்போகிறார்கள்: அவர் முதலில் போராளி, கலைஞர் என்பதெல்லாம் அப்புறம்தான். 'வார் அண்ட் பீஸ்' படத்தில் தணிக்கைக் குழு கேட்ட வெட்டுகளை எதிர்த்து அவர் நீதிமன்றம் ஏறி ஜெயித்த கதை தெரிந்த அளவுக்கு அந்தப் படத்தின் காட்சிகள் தெரிந்திருப்பதில்லை. வழக்குகளை ஒதுக்கிவிட்டுப் படங்களை மட்டும் வரிசையாகப் பார்த்தால், இவ்வளவு பொறுமையான படத்தொகுப்பாளர் நம் ஆவணப்பட உலகில் அபூர்வம் என்று தோன்றுகிறது. கேமராவும் தொகுப்பும் பெரும்பாலும் அவர் கைவேலைதான். காட்சியோடு காட்சியை ஒட்டுவதோடு அவர் நிற்பதில்லை. ஒரு படத்தை இன்னொரு படத்தோடும் ஒட்டுகிறார்.

1985இல் வந்த 'ஹமாரா ஷஹர்' பம்பாயில் குடிசைகள் இடிக்கப்பட்டதைப் பற்றியது. அதில் விலாஸ் கோக்ரே என்ற மராத்திக் கவிஞர் பாடுகிறார். 1997 ஜூலையில் அதே பம்பாயின் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலை அவமதிக்கப்பட்டதைக் கண்டித்துத் திரண்ட தலித் மக்கள்மீது போலீஸ் சுட்டதில் பத்துப் பேர் இறந்தார்கள். சில நாட்களில் கோக்ரே தூக்கிட்டுக்கொண்டார். தலையில் அம்பேத்கர் இயக்கத்தின் நிறமான நீலத்தில் துணி கட்டியிருந்தார். செங்கொடிக்காகப் பாடியவர் கடைசியில் நீலத்தை ஏன் தேர்ந்தார்? அந்தக் கேள்வியின் பின்னால் 14 ஆண்டுகள் போய்த்தான் 'ஜெய் பீம் காம்ரேட்' 2011இல் வந்தது. பழைய படத்தில் பாடகராக மட்டும் தெரிந்த அதே முகம், இதில் இடதுசாரி இயக்கம் சாதியிடம் தோற்ற இடத்தைக் காட்டிக்கொடுக்கிறது. மாறியது காட்சி அல்ல, அதன் பக்கத்தில் வந்து நின்ற காலம். இதைத் திட்டம் போட்டு எடுத்துவிட முடியாது. எடுத்ததை மறக்காமல் வைத்திருப்பவருக்கே இது வாய்க்கும்.

ஒரு பக்கம் சாய்ந்து எடுக்கிறார் என்பது பழைய புகார். சாய்கிறார், மறைப்பதும் இல்லை. ஆனால் சாய்பவர் எதிராளியைப் பேசவிடாமல் வெட்டுவதுதான் வழக்கம்; இவர் பேசவிடுகிறார். அயோத்தி ராமர் கோயில் இயக்கத்தைப் பற்றிய 'ராம் கே நாம்' படத்தில், ராமர் எந்த நூற்றாண்டில் பிறந்தார் என்று கேட்கப்படும் இளைஞர்கள் விழிக்கிறார்கள். அந்தத் தடுமாற்றத்தின் மேல் விளக்கவுரை எதுவும் வந்து விழுவதில்லை. தனக்கு எதிரான சாட்சியையும் அவர் வெட்டுவதில்லை. 'ஹமாரா ஷஹர்' படத்தில் வீடிழந்த ஒரு பெண், ஏழைகளைப் படம்பிடித்துப் பேர் வாங்க வந்தவர்கள்தானே நீங்கள் என்கிற பொருளில் படக்குழுவையே விளாசுகிறார். எந்தப் பிரச்சாரகனும் முதலில் தூக்கியெறியும் துண்டு அது; படத்தில் அப்படியே இருக்கிறது. அழகியல் போதாது என்ற இன்னொரு புகாரை 2018இல் வந்த 'ரீசன்' படத்துக்கு மட்டும் ஓரளவு ஏற்கலாம். ஏறத்தாழ நான்கு மணி நேரம் ஓடும் அதில், காட்சி சொல்லிமுடித்ததைப் பின்னணிக் குரல் பல இடங்களில் திரும்பச் சொல்கிறது. 'ராம் கே நாம்' எடுத்த காலத்துப் பட்வர்தன் அந்த வரிகளைத் தொகுப்பு மேசையிலேயே கழித்துக்கட்டியிருப்பார்.