சாட்சி இல்லாத நினைவு

ஹாரி பாட்டர் நாவல்களில் பள்ளித் தலைமையாசிரியர் டம்பிள்டோரின் அறையில், நினைவுகளை ஊற்றி உள்ளே நுழைந்து பார்க்க பென்சீவ் என்ற கல் தொட்டி இருக்கிறது. அதில் தெரிவது நினைவுக்கு உரியவரின் பார்வையா, நடந்தது நடந்தபடியேயா என்று 2005-ல் ஒரு நேர்காணலில் ஜே. கே. ரௌலிங்கிடம் கேட்டார்கள். நடந்தது நடந்தபடியே என்றார் அவர். உரியவர் அன்று கவனிக்காமல் விட்டதைக்கூட உள்ளே நுழைபவர் பார்க்கலாம் என்றும் விளக்கினார். விவாதம் அத்துடன் முடிந்துவிட்டதாக ரசிகர்கள் கருதுகிறார்கள். எனக்கு அங்கேதான் அது தொடங்குகிறது. நினைவை ஓர் இடமாக்கி, அதற்குள் இன்னொருவரை நடமாடவிடும் புனைவுகள் இந்த நூற்றாண்டில் நாவல், சினிமா, வீடியோ கேம் என்று எல்லாப் பக்கமும் பெருகிவிட்டன. அவற்றின் வசதியை மறுப்பதற்கில்லை. பழைய கதையை ஒரு பாத்திரம் பக்கம் பக்கமாகச் சொல்லித் தீர்க்க வேண்டியதில்லை; கடந்தகாலம் கண்முன்னே நடக்கிறது; அதைப் பார்ப்பவரின் முகம் மாறுவதும் அதே காட்சியில் கிடைத்துவிடுகிறது. ஆனால் இந்த வசதிக்கு விலையாக, நினைவிலிருந்து நினைப்பவரையே வெளியேற்றிவிடுகிறார்கள்.

2003-ல் வந்த ஐந்தாம் நூலில், தன் ஆசிரியர் ஸ்நேப்பின் மாணவப் பருவத்து மிக மோசமான நினைவுக்குள் ஹாரி இறங்குகிறான். தேர்வு அறையில் ஸ்நேப் தாளில் மூக்கு உரசக் குனிந்து விடை எழுதிக்கொண்டிருக்கிறான். ஹாரியோ அவனை விட்டுவிட்டு, தன் தந்தை ஜேம்ஸின் மேசைக்குப் போய், அவர் தாளில் கிறுக்கியிருப்பதை எட்டிப் பார்க்கிறான். ஸ்நேப் பார்த்திருக்க வாய்ப்பே இல்லாத கிறுக்கல் அது. பிறகு ஏரிக்கரை. கூட்டம் சிரிக்க, ஸ்நேப்பைத் தலைகீழாகத் தொங்கவிடுகிறார்கள். இது ஸ்நேப்பின் நினைவென்றால் அந்த உலகம் அவனுக்குத் தலைகீழாக அல்லவா இருந்திருக்க வேண்டும்? சிரித்த முகங்கள் கவிழ்ந்து, அங்கி கண்ணை மறைத்து, யார் எங்கே நிற்கிறார்கள் என்பதே குழம்பியிருக்கும். நமக்குக் கிடைப்பது நிமிர்ந்து நிற்கும் பார்வையாளனின் காட்சி. அவமானப்பட்டவனின் நினைவு, வேடிக்கை பார்த்தவர்கள் நின்ற இடத்திலிருந்து சொல்லப்படுகிறது. அந்தக் காட்சி ஹாரியை உலுக்குகிறது, உண்மைதான். உலுக்குவது தந்தையைப் பற்றிய தகவல். ஸ்நேப்பின் உள்ளம் அதில் எங்குமே இல்லை.

மாயக்கதையில் உளவியலைத் தேடுவானேன் என்று கேட்கலாம். விளக்குமாறு பறக்கட்டும், ஓவியங்கள் பேசட்டும்; அவற்றில் எனக்குக் குறையில்லை. ஆனால் துயரம், வெறுப்பு, காதல் ஆகியவற்றை இந்தக் கதை மனித அளவிலேயே நம்பச் சொல்கிறது. நினைவுக்கு மட்டும் விலக்கு ஏன்? இன்னொரு பதிலும் உண்டு: ஆறாம் நூலில் ஆசிரியர் ஸ்லக்ஹார்ன் தன் நினைவைத் திருத்திக் கொடுக்கிறாரே, ஆகவே நினைவு பொய்க்கும் என்பது ரௌலிங்குக்குத் தெரியும் என்பார்கள். அந்தத் திருத்தத்தை உற்றுப் பாருங்கள். திருத்திய இடத்தில் பனிமூட்டம் சூழ்கிறது, ஒரு குரல் உரக்கக் கேட்கிறது; ஒட்டுப்போட்டது குழந்தைக்கும் தெரியும். இந்த உலகத்துக்குப் பொய் தெரியும்; பிழை தெரியாது. மனமாரத் தவறாக நினைவில் வைத்திருக்கும் நல்லவனுக்கு இங்கே இடமில்லை. நிஜத்தில் பெரும்பாலும் நாமெல்லாம் அந்த நல்லவர்கள்தான். எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பாமரும் 1974-ல் வெளியிட்ட ஆய்வில் கார்கள் மோதும் படத்தைப் பார்த்தவர்களில் ஒரு பிரிவினரிடம் ‘மோதியபோது’ என்றும், இன்னொரு பிரிவினரிடம் ‘மோதி நொறுங்கியபோது’ என்ற பொருளிலும் வேகத்தைக் கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டபோது, முதல் பிரிவில் 50 பேரில் 7 பேர், இரண்டாம் பிரிவில் 50 பேரில் 16 பேர் ஆம் என்றார்கள். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை. அந்த 16 பேரில் ஒருவரின் நினைவைத் தொட்டியில் ஊற்றினால் கண்ணாடி கிடக்குமா, கிடக்காதா? ரௌலிங்கின் விதிப்படி கிடக்காது. அப்படியானால் ஊற்றியது அவருடைய நினைவே அல்ல.

மற்றவர்களும் இதே பள்ளத்தில்தான் விழுகிறார்கள். பிக்ஸாரின் ‘இன்சைட் அவுட்’ (2015) நினைவு அடங்கிய கண்ணாடி உருண்டையின் நிறத்தைச் சோகம் மாற்றலாம் என்று துணிச்சலாகச் சொல்கிறது. உருண்டைக்குள் ஓடும் படத்தைத் தொட மட்டும் அதற்குத் துணிவில்லை. லூகாஸ் போப்பின் ‘ரிட்டர்ன் ஆஃப் தி ஓப்ரா டின்’ (2018) விளையாட்டில் இறந்தவரின் கடைசிக் கணத்துக்குள் சுற்றி வருகிறோம். ஆனால் நாம் வருவது காப்பீட்டு ஆய்வாளராக, கையில் பதிவேட்டுடன். தேடுவது தடயம் என்பதை அது மறைக்கவில்லை, அந்த நேர்மைக்காக மன்னிக்கலாம். விதிவிலக்கு என்று நான் சொல்வது மிஷேல் கோன்ட்ரி இயக்கி, சார்லி காஃப்மன் திரைக்கதை எழுதிய ‘எட்டர்னல் சன்ஷைன் ஆஃப் தி ஸ்பாட்லெஸ் மைண்ட்’ (2004). அதில் ஜோயலின் நினைவுகளுக்குள் அலைபவன் ஜோயலேதான். காதலி கிளெமன்டைனை நினைவழிப்புச் சிகிச்சையிலிருந்து மறைக்க அவளைத் தன் குழந்தைப் பருவத்துச் சமையலறைக்கு இழுத்துப்போகிறான். அங்கே மேசை பிரம்மாண்டமாக நிற்கிறது, ஏனென்றால் குழந்தைக்கு அப்படித்தான் இருந்தது. அங்கே பேசும் கிளெமன்டைன்கூட அவன் உருவாக்கிய கிளெமன்டைன்; அவள் சொல்லாத விடையை அவளுக்காக அவனே சொல்லிக்கொள்கிறான். இடம் இருக்கிறது, நடமாடவும் முடிகிறது; ஒவ்வொரு சுவரிலும் நினைப்பவனின் கைரேகை பதிந்திருக்கிறது. ஆகவே குறை வடிவத்தின் குறை அல்ல, அதைக் கையாள்பவர்களின் குறை.

ஏழாம் நூலில் இதன் விளைவு முழுதாகத் தெரிகிறது. சாகும் தறுவாயில் ஸ்நேப் தானே தேர்ந்து கொடுத்த நினைவுகளை ஹாரி பார்க்கிறான். அதுவரை துரோகியாக இருந்தவர் ஒரே அத்தியாயத்தில் தியாகியாகிறார். அவர் கொடுத்த ஒவ்வொன்றும் நடந்தது நடந்தபடியே என்று வைத்துக்கொள்வோம். எதைக் கொடுத்தார், எதைக் கொடுக்காமல் நிறுத்திக்கொண்டார் என்ற தேர்வு அவருடையது அல்லவா? தன் தரப்பு வழக்கைத் தானே தொகுத்தவரின் வாக்குமூலம் அது. குறுக்கு விசாரணை கிடையாது. தொட்டி பொய் சொல்லாது என்ற விதியை ஆசிரியரே போட்டுவிட்டதால் ஹாரி எதையும் கேட்பதில்லை. எதிரி வோல்டமோர்ட்டுடன் கடைசியாக மோதும்போது அந்த நினைவுகளை அப்படியே தீர்ப்பாக ஊரறியச் சொல்கிறான். ஏழு நூல்களிலும் மிகச் சிக்கலான மனிதர் ஸ்நேப். அவரை விளங்கவைக்க வேண்டிய அத்தியாயத்தில் ரௌலிங் நமக்குத் தந்திருப்பது அவருக்கான நற்சான்றிதழ்.