பொய்ச் சுவரும் மெய் வாழ்வும்: தோட்டா தரணியின் கலை இயக்கம் பற்றிய ஒரு நோக்கு

திரைப்பட விமர்சனம் நம்மிடையே பெரும்பாலும் கதை, நடிப்பு, நெறியாள்கை என்னும் மூன்றோடு நின்றுவிடுகின்றது. பாத்திரங்கள் வாழும் தெருவையும் கூரையையும் ஆக்கியோர் பற்றி நாம் எழுதுவது அரிது. இதற்கு ஒரு வரலாற்றுக் காரணம் உண்டு. 1947இல் வெளியான முதற் சிங்களப் பேசும் படமாகிய 'கடவுனு பொரொந்துவ' தென்னிந்திய ஸ்ரூடியோவில் உருவானது. அம்மரபிலிருந்து விலகி, லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ'வை (1956) கிராமப்புறத் திறந்தவெளியிற் படமாக்கினார். தமிழில் பாரதிராஜாவின் '16 வயதினிலே' (1977) அத்தகையதொரு திருப்பமாக அமைந்தது. இவற்றின் முற்போக்கான பங்கு மறுக்கற்பாலதன்று. எனினும் வெளிப்புறம் மெய், அரங்கமைப்பு பொய் என்றதோர் எளிய சமன்பாடும் இவற்றின் வழியே நம் சிந்தனையில் வேரூன்றிவிட்டது. தோட்டா தரணியின் கலைவாழ்வு அதனை மீளாய்வு செய்யத் தூண்டுகின்றது.

தரணி ஓவியர், கலை இயக்குநர் தோட்டா வெங்கடேஸ்வர ராவின் மகன். மணிரத்னத்தின் 'நாயகன்' (1987) படத்துக்காக அவர் பம்பாயின் தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்ரூடியோவில் எழுப்பினார். அப்பணி அவருக்கு இந்திய தேசிய விருதை ஈட்டித் தந்தது. அங்கு அரங்கமைப்பு வெறும் பின்னணியன்று. குடிசைகளை இடிக்க முற்படும் செல்வந்தரின் மாளிகையுட் புகுந்து வேலுவின் ஆட்கள் பொருள்களை உடைத்தெறியும் காட்சியை நோக்குக. தகரக் கூரையும் அலங்கார வரவேற்பறையும் ஒன்றையொன்று எதிர்நோக்கும்போது, வர்க்க முரண்பாடு வசனத்தின் துணையின்றியே புலனாகின்றது. களனி கங்கை கடலோடு கலக்கும் முகத்துவாரத்தின் நெருங்கிய ஒழுங்கைகளை அறிந்த நமக்கு அக்கூரைகள் அந்நியமானவையல்ல.

ஆயினும் குறைபாட்டையும் சுட்டுதல் வேண்டும். தாராவி தோல் பதனிடுவோரும் மட்பாண்டம் வனைவோரும் உழைக்கும் இடம். அவ்வுழைப்பு படத்தின் மையத்துக்கு வரவில்லை. வறுமை தெரிகின்றது, உற்பத்தி தெரியவில்லை. இது கலை இயக்குநரின் தவறு என்பதிலும், கதைநோக்கின் எல்லை என்பதே பொருந்தும். அதே கைவண்ணம் 'காதலர் தினம்' (1999) படத்தில் பளபளக்கும் இணையக் கூடமொன்றை எழுப்பியது. அக்கூடம் கண்ணைக் கவர்கின்றது. அதில் எவருடைய வாழ்வும் தங்கவில்லை. ஆற்றல் ஒன்றே, அது எதற்குப் பணிபுரிந்தது என்பதே வேறுபாடு.

'இந்தியன்' (1996) படத்துக்காக மீண்டும் தேசிய விருதும், 2001இல் பத்மஸ்ரீயும் தரணியை வந்தடைந்தன. அவை தகுதியானவையே. ஆனால் அரங்கமைப்பு தனியொருவர் ஆக்கமன்று. தச்சர், சாந்து பூசுவோர், வர்ணம் தீட்டுவோர் எனப் பலரது கூட்டுழைப்பு அது. படப்பிடிப்பு முடிந்ததும் சுவர்கள் கழற்றப்படுகின்றன. உழைத்தோர் பெயர்கள் அவற்றுக்கு முன்னரே மறைந்துவிடுகின்றன.

ஆகவே, படம் எங்கே எடுக்கப்பட்டது என்பது நமது முதல் வினாவாதல் கூடாது. அச்சுவரை எழுப்பியவர் எவருடைய வாழ்வைக் கூர்ந்து நோக்கினார் என்பதே முதல் வினா. அதனைக் கேட்கத் தொடங்கும்போதுதான், மரத்தாலும் சாந்தாலும் ஆன ஒரு பொய்ச் சுவர், உண்மைத் தெருவிற் பிடித்த படத்தைவிடக் கூடுதலான உண்மையைச் சொல்லவல்லது என்பதை நமது விமர்சனம் ஏற்றுக்கொள்ளும்.