தளபதிகள் எழுதிய அமைதிப்படை வரலாறு

1987 ஜூலை 29 அன்று கையெழுத்தான இந்திய - இலங்கை ஒப்பந்தத்தின் பேரில் ஈழம் சென்ற இந்திய அமைதிப்படை, 1990 மார்ச் 24 அன்று முழுமையாக வெளியேறியது. ஏறத்தாழ 1,200 இந்திய வீரர்கள் உயிரிழந்தனர். இந்தத் தலையீட்டைக் கடுமையாக விமர்சித்தவர்களில் அதை முன்னின்று நடத்திய தளபதிகளும் உண்டு. தெபீந்தர் சிங், சர்தேஷ்பாண்டே ஆகியோரின் நூல்கள் 1992இல் வந்தன. முதலில் தரையிறங்கிய 54ஆவது காலாட்படை டிவிஷனின் தளபதி ஹர்கிரத் சிங் தமது நூலைப் பின்னாளில் எழுதினார்.

ஆணைக்கும் களத்துக்கும் இடையிலான தூரத்தை உள்ளிருந்து காட்டுவதே இந்நூல்களின் பலம். 1987 அக்டோபர் 11 இரவு, தமிழீழ விடுதலைப் புலிகளின் தலைமையைப் பிடிக்க யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மைதானத்தில் ஹெலிகாப்டரில் வீரர்கள் இறக்கப்பட்டனர். புலிகள் அங்கே காத்திருந்தனர். சீக்கிய இலகு காலாட்படையின் 30 பேரில் 29 பேர் மாண்டனர். இந்திய உளவுத்துறை பயிற்சி அளித்த இயக்கத்தோடே இந்தியப் படை மோத நேர்ந்தது. அந்த முரணின் விலையைக் கொடுத்தவர்களின் சொல்லுக்குத் தனி எடை உண்டு.

தன்னிலை விளக்கம் கலந்துவிடுவது முதல் குறை. பேச்சுக்கு வரும் புலிகளின் தலைவர் பிரபாகரனைச் சுடுமாறு இந்தியத் தூதர் ஜே.என். தீட்சித் சொன்னதாகவும், தாம் மறுத்ததாகவும் ஹர்கிரத் சிங் எழுதுகிறார். அது ஒரு தரப்பின் சாட்சியம். தீட்சித் 1998இல் எழுதிய நூலோடு ஒப்பிட்டே அதை எடைபோட வேண்டும். தோல்விக்குத் தூதரகமும் உளவுத்துறையுமே காரணம் என்னும்போது, படையின் சொந்தப் பிழைகள் பின்னுக்குப் போகின்றன.

இரண்டாவது குறை இதைவிடப் பெரிது. இந்நூல்களில் படைக்கு நேர்ந்தது நடுவில் நிற்கிறது. படையால் மக்களுக்கு நேர்ந்தது ஓரத்துக்குப் போகிறது. 1987 அக்டோபர் 21, 22 தேதிகளில் யாழ்ப்பாண மருத்துவமனைக்குள் நோயாளிகளும் மருத்துவர்களும் தாதியரும் கொல்லப்பட்டனர். அத்தகைய துயரங்களை மக்கள் வாய்மொழியோடு பதிவு செய்தது, யாழ்ப்பாணப் பல்கலைக்கழக ஆசிரியர் நால்வர் எழுதிய 'முறிந்த பனை'. அவர்களுள் ஒருவரான ராஜினி திராணகம 1989 செப்டம்பர் 21 அன்று சுட்டுக் கொல்லப்பட்டார்.

மூன்றாவது குறை கேள்வியின் எல்லை. 'ஏன் வெல்ல முடியவில்லை' என்பதே தளபதிகளை அதிகம் வாட்டுகிறது. 'போயிருக்க வேண்டுமா' என்பது அந்த அளவுக்கு இல்லை. படையிலிருந்து வந்தும் அந்த எல்லையைத் தாண்டியவர்கள் உண்டு. வியட்நாமில் போரிட்டு, கர்னலாக ஓய்வு பெற்று, வரலாற்றுப் பேராசிரியரான அமெரிக்கர் ஆண்ட்ரூ பேசெவிச், படைபலத்தையே முதல் மருந்தாக நம்பும் தம் தேசத்தின் மனப்போக்கையே ஆராய்ந்தார். இந்தியத் தரைப்படை அதிகாரியாக இருந்து வரலாற்றாசிரியரான ஸ்ரீநாத் ராகவன், 1971 வங்கதேசப் போர் பற்றிய தமது 2013 நூலைப் பல நாட்டு ஆவணக்காப்பகங்களில் தேடி எழுதினார். நினைவை நம்பி எழுதுவதற்கும் ஆவணங்களை உரசிப் பார்த்து எழுதுவதற்கும் உள்ள வேறுபாடு அங்கே தெரிகிறது.

ஆகவே தளபதிகளின் நூல்கள் வரலாற்றுக்கு இன்றியமையாத மூலங்கள். அவையே வரலாறு ஆகிவிடா. தூதரின் நூலையும் யாழ்ப்பாணத்து மக்களின் சாட்சியத்தையும் பக்கத்தில் வைத்துப் படிக்கும்போதுதான் அந்தத் தலையீட்டின் முழுக்கணக்கு கிடைக்கும்.