கானல்

எழுத்தாளனுக்குச் சோம்பல் வந்தால் கானல் நீர் வந்துவிடும். கைகூடாத காதல், கிடைக்காத உத்தியோகம், கைவிட்ட சிநேகிதன் எல்லாமே கானல் நீர்தான். இந்த உவமை படும் பாட்டைப் பார்த்தால், உபயோகிப்பவர்களில் எத்தனை பேர் அதைக் கண்ணால் பார்த்திருப்பார்கள் என்று எனக்குச் சந்தேகம்.

பார்க்க விரும்புகிறவர்கள் சித்திரை மாதத்து நடுப்பகலில் வேம்பாருக்குப் போகலாம். தூத்துக்குடியிலிருந்து ராமநாதபுரம் போகிற கடற்கரைச் சாலையில், பனைகளுக்கு நடுவே, தூரத்தில் தார் ரோடு நனைந்து கிடக்கும். கிட்டே போனால் உலர்ந்த ரோடுதான். பழந்தமிழில் இதற்குப் பேய்த்தேர் என்று ஒரு பெயர் உண்டு. ஆனால் இதில் பேயும் இல்லை, பொய்யும் இல்லை. ரோட்டை ஒட்டிய காற்று கொதிப்பதால், வானத்து வெளிச்சம் வளைந்து, தரையிலிருந்து வருவதுபோல் நம்மிடம் வருகிறது. காமிராவிலும் அப்படியே விழும். அதைத் தண்ணீர் என்று சொல்வது மட்டும்தான் நம்முடைய கைங்கரியம்.

அதே வேம்பாரில் பௌர்ணமியன்று சாயங்காலம் கிழக்கே கடலைப் பாருங்கள். சந்திரன் தாம்பாளம் போல எழும். நடுநிசியில் உச்சிக்கு வந்ததும் சிறுத்துப் போயிருக்கும். காய்ந்த பட்டாணி ஒன்றை விரல் நுனியில் பிடித்துக் கையை நீட்டினால் அது தாம்பாளத்தையும் மறைக்கும், உச்சிச் சந்திரனையும் மறைக்கும். இரண்டு சமயத்திலும் அகலம் சுமார் அரை டிகிரிதான். காமிராவில் இந்த வித்தியாசம் விழாது. தூரத்தைப் பற்றி மனம் போடும் கணக்கில்தான் விஷயம் இருக்கிறது என்று 11ஆம் நூற்றாண்டிலேயே இப்னு அல்ஹைதம் என்ற அரபு அறிஞர் விளக்கினார். எப்படிப்பட்ட கணக்கு என்பதில் விஞ்ஞானிகள் இன்னும் ஒத்துப்போகவில்லை.

முதல் மயக்கம் வெளிச்சத்தில் இருக்கிறது, இரண்டாவது பார்க்கிறவனிடத்தில். கதாசிரியனுக்கு இரண்டாவதுதான் மூலதனம்.

தமிழில் இதை முழுக்க உணர்ந்து எழுதியவர் இளங்கோ என்பது என் அபிப்பிராயம். கானல் என்பதற்குக் கடற்கரைச் சோலை என்றும் பொருள். கானல் வரி அந்தக் கானலில் பிறந்தது. புகார்க் கடற்கரையில் மாதவி யாழைச் சுருதி கூட்டிக் கோவலனிடம் கொடுக்கிறாள். அவன் பாடுகிறான். மனசில் வேறொருத்தி இருக்கிறாள் என்று நினைத்து, தனக்கும் வேறு குறிப்பு உள்ளவள் போல அவளும் பாடுகிறாள். அவன் அதை நிஜமென்று எடுத்துக்கொண்டு எழுந்து போய்விடுகிறான். இளங்கோ ஊழ்வினை என்கிறார். இருக்கட்டும். ஆனால் அவர் காட்சியை அமைத்திருக்கும் விதத்தைக் கவனியுங்கள். அகப்பாட்டில் பெயர் சொல்வது மரபில்லை. பாட்டில் பெயருக்கு உரிய இடம் காலியாக இருக்கிறது. கேட்கிறவர் பயம் எதுவோ அதைக் கொண்டு நிரப்பிக்கொள்கிறார்.

தாராசுரம் கோயிலில், இரண்டாம் ராஜராஜன் காலத்துச் சிற்பம் ஒன்று உண்டு. ரிஷபத்துக்கும் யானைக்கும் ஒரே தலை. ஒரு பக்கத்து உடலைக் கையால் மறைத்தால் யானை, மறு பக்கத்தை மறைத்தால் ரிஷபம். கல்லில் எதுவும் மாறுவதில்லை. கானல் வரிப் பாட்டுக்களும் அப்படித்தான்: மரபாகக் கேட்டால் நெய்தல் பாட்டு, சந்தேகத்தோடு கேட்டால் துரோகம்.

இன்றைய நாவலாசிரியன் என்றால் ஒரு கடிதத்தையோ, ஜன்னலில் தெரிந்த ஒரு நிழலையோ கொண்டு வந்து கோவலனுடைய கோபத்துக்கு நியாயம் தேடியிருப்பான். இளங்கோ சாட்சியம் எதுவும் தரவில்லை. மாதவியை வண்டியில் ஏற்றித் தனியே வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்.